ராஜா சாண்டோ நிஜமாவே மௌனப் பட ஸ்டாரா, இல்ல நம்ம ஊர் ஆளுன்னு ஊதி விட்டதா?

நீங்க கேட்டது இதுதான். தமிழ்நாடு அரசு சினிமா விருதுப் பட்டியல்ல ராஜா சாண்டோ விருதுன்னு ஒண்ணு பாத்தீங்க, யாருடா இவருன்னு தேடினா பம்பாய் மௌனப் படத்துல பெரிய ஹீரோன்னு எல்லா இடத்துலயும் அதே நாலு வரிதான் திரும்பத் திரும்ப வருது, ஆனா ஒரு சீன் கூட பாக்கக் கிடைக்கல, அதனால இது நிஜமா இல்ல நம்மாளுன்னு ஊதி விட்டதான்னு சந்தேகம். நியாயமான சந்தேகம்தான். பதில் சொல்லணும்னா, ஊதி விட்டது இல்ல, ஆனா சூப்பர் ஸ்டார்ங்கறதும் ஜாஸ்தி. 1920கள் நடுவுல பம்பாய்ல முன்வரிசை ஹீரோக்கள்ல அவரும் ஒருத்தர், அதுல சந்தேகமே வேண்டாம். ஆனா அந்த வருஷங்கள்ல கூட்டம் வந்தது ஹீரோயின் பேருக்கு. நான் படிச்சது சினிமா வரலாறு, பொழப்பும் பழைய பேப்பர் ஃபைலு, சினிமா நோட்டீஸு, கதைச்சுருக்கப் புஸ்தகம்னு தூசிக்குள்ளயே ஓடுது, அதனால கொஞ்சம் விவரமாவே சொல்றேன்.

முதல்ல ஏன் எதுவுமே பாக்கக் கிடைக்கலங்கறத முடிச்சிடுவோம். இந்தியாவுல 1300க்கு மேல மௌனப் படம் எடுத்திருக்காங்க. இன்னைக்கு முழுசாவும் துண்டு துண்டாவும் மிஞ்சினது எல்லாம் சேத்தா ரெண்டு மூணு டஜன் தேறும், அவ்வளவுதான். அப்போ இருந்தது நைட்ரேட் ஃபிலிம், பத்திக்கிச்சுன்னா தண்ணி ஊத்தினாலும் அணையாது, பத்தாட்டியும் நம்ம வெயிலுக்கு பிசுபிசுன்னு ஒட்டிக்கிட்டு கடைசில பொடியா உதிர்ந்துடும். கோஹினூர் கம்பெனி, அதாவது நம்மாளு பேர் வாங்கின இடம், அங்க 1923ல பெரிய தீ விபத்தே நடந்துச்சு. தீயிலயும் வெயில்லயும் தப்பிச்சத பேசும் படம் வந்து முடிச்சிடுச்சு, ஊமைப் படத்த இனிமே எவன் பாப்பான்னு ஆனதும் ஃபிலிம்ல இருக்கற வெள்ளிய உருக்கி எடுத்து வித்துட்டாங்க. புனேல நேஷனல் ஃபிலிம் ஆர்க்கைவ் ஆரம்பிச்சதே 1964ல, மௌனப் படக் காலம் முடிஞ்சு முப்பது வருஷம் கழிச்சு. தென்னிந்தியாவுல எடுத்த மௌனப் படங்கள்ல மிஞ்சி இருக்கறது ‘மார்த்தாண்ட வர்மா’ ஒண்ணுதான், அது கூட யாரும் அக்கறையா பாதுகாத்ததால இல்ல. சி.வி. ராமன் பிள்ளை நாவல அனுமதி இல்லாம படமாக்கிட்டாங்கன்னு பதிப்பகம் கேஸ் போட்டு 1933லயே படத்த முடக்கிடுச்சு, பெட்டி அந்தப் புஸ்தகக் கம்பெனிகிட்டயே கிடந்துச்சு, 1974ல ஆர்க்கைவ் போய் எடுத்துக்கிட்டு வந்தாங்க. நல்லா ஓடின படமெல்லாம் ஓடி ஓடித் தேஞ்சு போச்சு, ஓட விடாம பூட்டி வச்சது பொழைச்சுக்கிச்சு. ராஜா சாண்டோவோட பேர் சொல்ற மௌனப் படங்கள் எல்லாமே நல்லா ஓடின வகை, அதனால ப்ரிண்ட் இல்ல. இதுலேர்ந்து வர்ற ஒரு விஷயத்த மனசுல வச்சுக்குங்க, அவர் அருமையா நடிப்பார்னோ சுமாரா நடிப்பார்னோ இன்னைக்கு எழுதறவங்க யாரும் பாத்துட்டு எழுதல. மிஞ்சினது பட விளம்பரம், ஸ்டில், நடிகர் பட்டியல், கூட வேலை பாத்தவங்க பின்னாடி சொன்னது, இவ்வளவுதான்.

சரி, ஆள் யாரு. புதுக்கோட்டைக்காரர், அப்போ அது தனி சமஸ்தானம். சொந்தப் பேர் பி.கே. நாகலிங்கம். உடம்ப முறுக்கேத்தி ஜிம்னாஸ்டிக் செஞ்சு காட்டறதுல கெட்டிக்காரர். யூஜின் சாண்டோன்னு ஒரு ஐரோப்பிய பலசாலி 1904, 1905 வாக்குல இந்தியா முழுக்க சுத்தி ஷோ நடத்திட்டுப் போனாரு, அதுக்கப்புறம் இங்க கரளை கரளையா உடம்பு வச்சிருக்கற எவனுக்கும் பேருக்கு முன்னாடியோ பின்னாடியோ சாண்டோன்னு ஒட்டிக்கிச்சு, பின்னாள்ல படம் எடுத்த சின்னப்பா தேவர் வரைக்கும் அந்தப் பழக்கம் ஓடிச்சு. நாகலிங்கம் பம்பாய்க்குப் போய் எஸ்.என். படங்கரோட நேஷனல் ஃபிலிம் கம்பெனில ஸ்டண்ட் பண்ற ஆளா நுழைஞ்சாரு, 1922ல ‘பக்த போதனா’ படத்துல முகம் தெரிஞ்சுச்சு. அடுத்து புராணப் படங்கள், ‘வீர பீம்சேன்’ மாதிரி. இந்தக் கட்டம் வரைக்கும் ஆச்சரியப்பட ஒண்ணும் இல்ல, புராணப் படத்துக்கு பீமனும் அரக்கனும் வேணும், அதுக்கு உடம்பு வேணும், உடம்பு இவர்கிட்ட இருந்துச்சு. அந்த மாதிரி பயில்வான் நடிகர்கள் பம்பாய்ல நிறைய பேர் இருந்தாங்க, பாதிப் பேரோட பேர் கூட இப்போ யாருக்கும் தெரியாது.

இவர் அந்தக் கும்பல்லேர்ந்து எப்படி வெளிய வந்தார்ங்கறதுதான் என்னைப் பொறுத்த வரைக்கும் முக்கியமான கேள்வி. 1925, 26 வாக்குல பம்பாய்ல சமூகப் படம்னு ஒரு அலை அடிச்சுது. சாமிக்கு பதிலா ஆபீஸ் போற பொண்ணு, அரக்கனுக்கு பதிலா சந்தேகப்படற புருஷன். அதுக்கு நடுநாயகமா இருந்தது துவாரகாதாஸ் சம்பத்தோட கோஹினூர் கம்பெனி. 1926ல ஹோமி மாஸ்டர் டைரக்ட் பண்ண ‘டெலிபோன் கேர்ள்’, அதே வருஷம் சந்துலால் ஷாவோட ‘டைப்பிஸ்ட் கேர்ள்’, ரெண்டுலயும் சுலோசனா, கோஹர்ங்கற ரெண்டு நடிகைங்க, ரெண்டுலயும் ராஜா சாண்டோ. சுலோசனாவோட சொந்தப் பேர் ரூபி மையர்ஸ், யூதப் பொண்ணு, சினிமாவுக்கு வர்றதுக்கு முன்னாடி நிஜமாவே டெலிபோன் ஆபரேட்டரா வேலை பாத்தவங்க, அதனால டெலிபோன் கேர்ள்னு பேர் வச்சதே பாதி விளம்பரம். ‘டைப்பிஸ்ட் கேர்ள்’ 17 நாள்ல முடிச்ச படம்னு சொல்வாங்க, அந்தக் கால வேகத்துக்கு அது நம்பக்கூடியதுதான். இந்தப் படங்களோட நடிகர் பட்டியல வரிசையா வச்சுப் பாத்தீங்கன்னா ஒண்ணு பளிச்சுன்னு தெரியும், சுலோசனாவோ கோஹரோ முன்னாடி, ராஜா சாண்டோ அவங்களுக்குப் பின்னாடி. ஹீரோ பேர் ஹீரோயினுக்குக் கீழ வர்றது அவருக்கு மட்டும் நடந்தது இல்ல, அந்தக் கால வியாபாரமே அப்படி. சுலோசனா பம்பாய் கவர்னர விட ஜாஸ்தி சம்பளம் வாங்கினாங்கன்னு ஒரு கதை உண்டு, அத நான் கதையாத்தான் சொல்றேன், ஆனா அந்த மாதிரி கதை ஹீரோயினப் பத்தித்தான் கிளம்பிச்சு, ஹீரோவப் பத்தி இல்லங்கறத கவனிங்க.

ஒரே ஒரு படத்த எடுத்துக்கிட்டு பாத்தா அவரோட இடம் இன்னும் நல்லா புரியும். 1927ல சந்துலால் ஷா எடுத்த ‘குணசுந்தரி’. விளம்பரத்துல இங்கிலீஷ்ல ஒரு ரெண்டாவது பேரும் போட்டாங்க, புருஷன்மார் ஏன் வழி தவறுறாங்கன்னு அர்த்தம் வர்ற மாதிரி. கதை இதுதான். பொண்டாட்டி காலையிலேர்ந்து ராத்திரி வரைக்கும் வீட்டு வேலையே கதின்னு கிடக்கறா, புருஷன் சாயங்காலம் வந்து வெளிய போகலாம், பேசலாம்னு பாத்தா அவளுக்கு நேரம் இல்ல, அவன் ஒரு நாட்டியக்காரி வீட்டுப் பக்கம் போக ஆரம்பிக்கறான். இதுவரைக்கும் நீங்க ஆயிரம் தடவை பாத்த கதை. அடுத்ததுதான் விஷயம், அந்தப் பொண்டாட்டி கோவில்ல போய் அழாம ஒரு நாள் தானும் உடுத்திக்கிட்டு வெளிய கிளம்பறா, எங்க போறேன்னு கேட்டா நீங்க போறீங்கல்ல, நானும் போறேன்ங்கற மாதிரி பதில். 1927ல இது. பொண்டாட்டியா கோஹர், புருஷனா ராஜா சாண்டோ. இப்போ யோசிங்க, அந்தப் புருஷன் வேஷத்துல குஸ்தி கிடையாது, குதிரை கிடையாது, மாடிலேர்ந்து குதிக்கறது கிடையாது. தப்பு பண்றான், ஆனா ஜனங்க அவன வெறுத்துடக் கூடாது, கடைசில பொண்டாட்டி பக்கத்துல வந்து நிக்கும்போது சரி போனாப் போகுதுன்னு தோணணும். பீமனா கதாயுதத்தத் தூக்கிட்டு நின்ன ஆள நம்பி அஞ்சே வருஷத்துக்குள்ள இப்படி ஒரு வேஷம் குடுத்திருக்காங்கன்னா அவர்கிட்ட உடம்பத் தாண்டி என்னமோ இருந்திருக்கு. சந்துலால் ஷா பாம்பே பங்குச் சந்தையில புழங்கின ஆளு, கணக்கு பாக்காம ஒருத்தர ஹீரோவா போடற மனுஷன் இல்ல. அதே கதைய 1934ல பேசும் படமா திருப்பி எடுத்தாங்க, கோஹரேதான் பொண்டாட்டி, ஆனா புருஷன் வேஷத்துக்கு ஆள் மாறிட்டாரு.

ஏன் மாறிச்சுங்கறதுலதான் இந்த மனுஷனோட வாழ்க்கைக் கதையே இருக்கு. புதுக்கோட்டையிலேர்ந்து போன ஒரு தமிழன் பம்பாய்ல குஜராத்தி குடும்பத்துத் தலைவனா, ராஜஸ்தானி ராஜகுமாரனா நடிக்க முடிஞ்சதுக்குக் காரணம் படத்துல சத்தம் இல்ல, அவ்வளவுதான். வாய் அசைஞ்சா போதும், எந்த பாஷைல அசைஞ்சா யாருக்குக் கவலை, அவர் பேசினது நடுவுல போடற டைட்டில் கார்டுல குஜராத்தில ஒரு வரி, உருதுல ஒரு வரி, இங்கிலீஷ்ல ஒரு வரின்னு வந்துடும், மெட்ராஸுக்கு வந்தா தமிழும் தெலுங்கும். எழுதப் படிக்கத் தெரியாத கூட்டத்துக்காக கொட்டகையில ஒரு ஆள் எழுந்து நின்னு சத்தமா படிச்சு, சொந்தச் சரக்கும் சேத்து கதை சொல்வான். அதனால ராஜா சாண்டோ திருச்சி கொட்டகையில தமிழ் பேசினாரு, லாகூர்ல உருது பேசினாரு, தன் வாயத் திறக்காமலேயே. ஷூட்டிங்லயும் அதே மாதிரிதான், கேமரா ஓடிக்கிட்டு இருக்கும்போதே டைரக்டர் பக்கத்துல நின்னு திரும்பு, இன்னும் கோவமா, போதும் உக்காருன்னு கத்திக்கிட்டே இருப்பாரு, ஒலிப்பதிவு இல்லாததால அது யாரையும் பாதிக்காது. பின்னாடி டைரக்டர் ஆனப்போ ராஜா சாண்டோ செட்ல கத்தறவர், கை நீட்டறவர்னு ஒரு பேர் வாங்கினாரு. அவரோட வேலை பாத்தவங்க வழியா வந்த பேச்சு அது, முழுசா இட்டுக்கட்டினதுன்னு தள்ளிட முடியாது, ஆனா மௌனப் படத் தொழில் கத்துக்கிட்ட இடமே கத்தற இடம்ங்கறதையும் சேத்துப் பாக்கணும். கை நீட்டினதுக்கு அது சாக்கு ஆகாது, அது வேற.

பம்பாய்ல இருக்கும்போதே டைரக்‌ஷன் பக்கமும் வந்துட்டாரு. அப்புறம்தான் மெட்ராஸ் கூப்பிடுது. ஆர். பத்மநாபன்னு ஒருத்தர் அசோசியேட்டட் ஃபிலிம்ஸ்னு கம்பெனி நடத்தினாரு, அவருக்காக இவர் 1930, 31ல வரிசையா மௌனப் படம் எடுத்துக் குடுத்தாரு, ‘பேயும் பெண்ணும்’, ‘நந்தனார்’, ‘அனாதைப் பெண்’, ‘ராஜேஸ்வரி’, ‘உஷா சுந்தரி’. பேரப் பாத்தாலே தெரியும், பம்பாய் சமூகப் பட பாணிய மூட்டை கட்டிக்கிட்டு வந்திருக்காரு. என் கணக்குல அவரோட நடிப்ப விட இதுதான் பெருசு, ஏன்னா இந்தப் பட்டறையிலேர்ந்து வெளிய வந்தவங்க யாருன்னு பாருங்க. வக்கீலா இருந்த கே. சுப்ரமணியம் இவங்களோட கதை எழுதற ஆளா சேர்ந்துதான் சினிமாவே கத்துக்கிட்டாரு, அவர்தான் அப்புறம் ‘பவளக்கொடி’ல தியாகராஜ பாகவதர அறிமுகப்படுத்தி, ‘தியாகபூமி’ எடுத்து வெள்ளைக்காரன் தடை போடற அளவுக்குப் போனவர். டி.பி. ராஜலட்சுமி இவர் டைரக்‌ஷன்ல மௌனப் படத்துல நடிச்சாங்க, 1931 அக்டோபர் 31ல வந்த முதல் தமிழ் பேசும் படம் ‘காளிதாஸ்’ல கதாநாயகி அவங்கதான், 1936ல ‘மிஸ் கமலா’ன்னு தானே டைரக்ட் பண்ணாங்க.

பேச்சு வந்ததும் மௌனப் பட ஹீரோக்களுக்கு என்ன ஆச்சுன்னு பாத்தா ராஜா சாண்டோ எடுத்த முடிவு புத்திசாலித்தனமாத் தெரியும். மாஸ்டர் விட்டல்னு ஒருத்தர், ஸ்டண்ட் படத்துல கொடி கட்டிப் பறந்தவர், ஹாலிவுட் சாகச ஹீரோ டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் பேர வச்சு இந்தியாவோட டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ்னே பட்டம். இந்தியாவோட முதல் பேசும் படம் ‘ஆலம் ஆரா’வுக்கு அவரத்தான் ஹீரோவா போட்டாங்க, பழைய கம்பெனி ஒப்பந்தத்த மீறிட்டார்னு கோர்ட்டுக்கு இழுத்தப்போ ஜின்னா வக்கீலா நின்னு ஜெயிச்சுக் குடுத்தாரு, அவ்வளவு பெரிய ஆளு. படத்துல பாத்தா ஹிந்துஸ்தானி உச்சரிப்பு சரியா வரலன்னு முக்கால்வாசி நேரம் மயக்கத்துல இருக்கற மாதிரி வச்சுட்டாங்க. சுலோசனாவே ஒதுங்கி உக்காந்து ஹிந்துஸ்தானி கத்துக்கிட்டுத்தான் திரும்பி வந்தாங்க. இவர் என்ன பண்ணாருன்னா, நடிப்ப முழுசா விட்டுடல, ஆனா எடைய டைரக்‌ஷன் பக்கம் மாத்திட்டாரு, அதுவும் தமிழ்ல. 1935ல ‘மேனகா’, வடுவூர் துரைசாமி ஐயங்கார் நாவல், டி.கே.எஸ். சகோதரர்கள் மேடையில போட்டுக்கிட்டு இருந்த நாடகம், அத பம்பாய்ல ரஞ்சித் ஸ்டூடியோவுல வச்சு எடுத்தாங்க. ரஞ்சித் யாரோடதுன்னா, நம்ம சந்துலால் ஷாவும் கோஹரும் 1929ல ஆரம்பிச்சது. அதாவது எட்டு வருஷம் முன்னாடி புருஷன் வேஷம் குடுத்தவங்க இடத்துக்கே தமிழ் நாடகக் கோஷ்டியக் கூட்டிக்கிட்டுப் போய் படம் பிடிச்சுக்கிட்டு வந்திருக்காரு. என்.எஸ். கிருஷ்ணன் ஆரம்பத்துல நடிச்ச படமும் அதுதான். புராணமே ஓடிக்கிட்டு இருந்த தமிழ் பேசும் படத்துல குடும்பக் கதை எடுபடும்னு காட்டினதுல ‘மேனகா’வுக்கு நல்ல பங்கு உண்டு. அப்புறம் ‘சந்திரகாந்தா’, ‘வசந்தசேனா’, ‘மைனர் ராஜாமணி’, 1939ல பாகவதர வச்சு ‘திருநீலகண்டர்’. ‘தீன கருணாகரனே நடராஜா’ பாட்டு கேட்டிருப்பீங்க, அந்தப் படத்துல வர்றதுதான், அதனால அவரோட படத்தோட ஒரு துண்டு உங்க காதுல ஏற்கனவே இருக்கு. கடைசில ‘சிவகவி’ய ஆரம்பிச்சதும் இவர்தான், பாதில கருத்து வேறுபாடு வந்து ஸ்ரீராமுலு நாயுடு முடிச்சாரு. அதோட இவரோட கணக்கும் முடிஞ்சுது, 1940களோட ஆரம்பத்துலயே காலமாயிட்டாரு.

இப்போ நெட்ல சுத்தற விஷயங்கள்ல எத நம்பலாம், எத நம்பக் கூடாதுன்னு பாப்போம். பம்பாய் போனது, படங்கர் கம்பெனி, கோஹினூர்ல சுலோசனா கோஹரோட நடிச்சது, ‘குணசுந்தரி’, மெட்ராஸ்ல பத்மநாபனுக்கு எடுத்த படங்கள், இதெல்லாம் கெட்டி, பல பக்கத்துலேர்ந்து ஒத்துப் போகுது. மெட்ராஸ் மௌனப் படங்களோட வருஷத்துல ஒண்ணு முன்ன பின்ன இருக்கும், ஒரே படத்துக்கு தமிழ்ல ஒரு பேர், இங்கிலீஷ்ல ஒரு பேர் இருந்ததால ஒரு படத்த ரெண்டா எண்ணினவங்களும் உண்டு, அதனால மொத்தம் இத்தனை படம்னு ஒரு நம்பர் குடுத்தா அத சந்தேகத்தோட பாருங்க. பிறந்த வருஷம் இறந்த வருஷமே இடத்துக்கு இடம் மாறுது. சம்பளக் கதைகள் எல்லாமே பின்னாடி வாய்வழியா வந்தது, ஒரு கணக்குப் புஸ்தகமும் முட்டுக் குடுக்கல. அப்புறம் இந்த முதல் முதல்னு வர்ற பட்டம் எல்லாம், முதன்முதலா டைட்டில்ல எல்லார் பேரையும் போட்டது இவர்தான், முதல் சமூகப் படம் இவரோடதுதான், இந்த மாதிரி. மிச்சம் எல்லாப் படமும் அழிஞ்சு போச்சுங்கும்போது இதுதான் முதல்னு சொல்றதுக்கு எதோட ஒப்பிட்டுப் பாத்தீங்க? நான் எழுதும்போது ஆரம்பகாலத்துலேயேன்னு போட்டுட்டு நகர்ந்துடுவேன், யாரும் சண்டைக்கு வர மாட்டாங்க.

இன்னும் தோண்டணும்னு ஆசை இருந்தா, 1927, 28ல வெள்ளைக்கார சர்க்கார் சினிமாத் தொழில விசாரிக்க ஒரு கமிட்டி போட்டாங்க, தலைவர் நம்ம மெட்ராஸ் வக்கீல் டி. ரங்காச்சாரியார்தான். ஊர் ஊரா போய் தயாரிப்பாளர், கொட்டகைக்காரர், நடிகர், நடிகைன்னு விசாரிச்சு சாட்சியங்கள அப்படியே அச்சடிச்சிருக்காங்க, இணையத்துல தேடினா கிடைக்கும். ராஜா சாண்டோ உச்சத்துல இருந்த அதே வருஷங்கள், அந்தத் தொழில் எப்படி ஓடிச்சு, யார் என்ன புலம்பினாங்கன்னு அத விட நேரடியா வேற எங்கயும் படிக்க முடியாது. பாக்கறதுக்குன்னா, ‘மார்த்தாண்ட வர்மா’வ எங்கயாவது திரையிட்டா விட்டுடாதீங்க. ஹிமான்ஷு ராய் குழு எடுத்த ‘ஷிராஸ்’ நல்லா சரி பண்ணி வச்சிருக்காங்க, பாக்க அழகா இருக்கும், ஆனா அது வெளிநாட்டுக் கூட்டுத் தயாரிப்பு, கோஹினூர் வாசனை அதுல வராது. ராஜா சாண்டோ ஸ்டண்ட் ஆளா இருந்த அந்த உலகத்துக்குக் கிட்ட வர்றதுன்னா 1931ல வந்த ‘திலேர் ஜிகர்’, ரீல் மிஞ்சி இருக்கு, கத்திச் சண்டை, தாவல், குதியல் எல்லாம் உண்டு, பின்னாள்ல ஹிந்திப் படத்துல கொடுமைக்கார மாமியாரா வந்த லலிதா பவார் அதுல முகமூடி போட்டுக்கிட்டு கத்தி சுத்துவாங்க, அதுக்காகவே பாக்கலாம்.